திருத்திய நிரலும் அதன் அடையாளமும்

கணிப்பொறி நிரல் ஒன்றைப் பலர் கூடி எழுதும்பொழுது, ஒருவர் செய்த மாற்றத்தை மற்றொருவர் படித்து ஒப்பிய பின்னரே பொது நிரலில் சேர்ப்பது வழக்கம். இதனை நிரல் பரிசீலனை என்பர். படிப்பவர் குறை கூறுவார். எழுதியவர் திருத்தி அனுப்புவார். ஐந்தாறு முறை இவ்வாறு நிகழ்வதும் உண்டு. கட்டுரையைத் திருத்தி எழுதிவரும் மாணவனை ஆசிரியர் முகங்கண்டு அறிவார். முன்பு வந்ததன் திருத்தமே இப்பொழுது வந்திருப்பது என்பதை யந்திரம் எங்ஙனம் அறியும்?

லைனஸ் டோர்வால்ட்ஸ் 2005-ஆம் ஆண்டில் உருவாக்கிய ‘கிட்’ என்னும் அமைப்பில், ஒரு மாற்றத்தின் பதிவுக்குக் ‘கமிட்’ என்று பெயர். ஒவ்வொரு கமிட்டுக்கும் பெரும்பாலும் 40 குறிகள் கொண்ட ஓர் அடையாளம் உண்டு. அதை எவரும் சூட்டுவதில்லை. நிரலின் நிலை, விளக்கக் குறிப்பு, எழுதியவர் பெயர், நேரம், முந்திய கமிட்டின் அடையாளம் ஆகிய யாவற்றினின்றும் அது கணக்கிட்டுப் பெறப்படுகிறது. ஆதலின், குறிப்பிலுள்ள ஓர் எழுத்துப் பிழையை நீக்கினாலும் அடையாளம் முழுவதும் மாறிவிடும். திருத்துவதற்கென உள்ள ‘அமெண்ட்’ கட்டளையுங்கூடப் பழையதைத் திருத்துவதில்லை. அதனிடத்தில் புதியதொன்றை வைக்கிறது.

ஆண்ட்ராய்டு திட்டத்தின் பொருட்டுக் கூகிள் நிறுவனத்தில் தோன்றிய ‘கெரிட்’ என்னும் பரிசீலனை அமைப்பு (டச்சுக் கட்டடக் கலைஞர் கெரிட் ரீட்வெல்டின் பெயர் இது) இதற்கு எளிய வழி ஒன்றைக் கையாள்கிறது. விளக்கக் குறிப்பின் இறுதியில் ‘சேஞ்ச்-ஐடி’ என்றொரு வரி சேர்க்கப்படுகிறது. எழுதுபவரது கணிப்பொறியில் நிறுவப்பட்ட ‘ஹூக்’ என்னும் சிறு நிரல் முதன்முறை கமிட் செய்யும்பொழுதே இதனை எழுதிவிடும். பின்னர் எத்தனை முறை திருத்தினும் இவ்வரி மாறாதிருக்க வேண்டும். ஒரே திட்டத்தில், ஒரே கிளைக்கு, அதே வரியுடன் வரும் கமிட்டைக் கெரிட் பழைய மாற்றத்தின் அடுத்த ‘பேட்ச் செட்’ ஆக ஏற்று 2, 3 என எண்ணிடும். முந்தியவை அழிவதில்லை. இரண்டாவதற்கும் மூன்றாவதற்கும் உள்ள வேறுபாட்டை மட்டும் தனியே காணவும் இயலும்.

புதியவர்கள் இடறுவது இவ்விடத்திலேயே. குறிப்பு முழுவதையும் அழித்துப் புதிதாக எழுதினால் ஹூக் வேறொரு வரியைச் சேர்த்துவிடும். கெரிட்டும் புதிய மாற்றம் ஒன்றைத் தொடங்கிவிடும். படித்தவர் உழைத்து எழுதிய குறைகள் யாவும் பழைய பக்கத்தில் கிடக்கும். பழைய வரியை எடுத்துக் குறிப்பின் இறுதியில் இட்டு மறுபடியும் அனுப்பி, தவறிப் பிறந்த மாற்றத்தைக் கைவிடுவதே பரிகாரம். அமெண்ட் செய்யாமல் திருத்தத்தைத் தனிக் கமிட்டாக அனுப்புவோரும் உளர். அது முதலாவதைச் சார்ந்த மற்றொரு மாற்றமாக நிற்குமேயன்றி, முதலாவதிலுள்ள பிழை அப்படியே இருக்கும்.

பரிசீலிப்பவர் −2 முதல் +2 வரை மதிப்பிடலாம். இரண்டாவது பேட்ச் செட்டுக்குக் கிடைத்த +2 பொதுவாக மூன்றாவதற்குச் செல்லாது. குறிப்பு மட்டும் மாறியது போன்ற சில நிலைகளில், திட்டத்தின் விதி இடங்கொடுத்தால் செல்லும். எழுதுபவர்க்கு இது சலிப்பூட்டலாம், எனினும் முறையானதே. ஒப்புதல் பெற்றபின் நுழைத்த ஒரு வரியும் பழைய ஒப்புதலோடு உள்ளே போய்விடுமானால், அதைப் படித்துப் பார்த்தவர் ஒருவரும் இரார்.

பொது நிரலின் புதிய நிலைக்கு மாற்றத்தைப் பெயர்த்தமைக்கும் ‘ரீபேஸ்’ வேலையையும் சொந்தத் திருத்தத்தையும் ஒரே பேட்ச் செட்டில் கலப்பது நன்றன்று. பிறர் செய்தவையும் வேறுபாட்டில் கலந்து தோன்றி, படிப்பவரைக் குழப்பும். முதலில் ரீபேஸ் செய்து அனுப்பிவிட்டுத் திருத்தத்தை அடுத்த பேட்ச் செட்டாக அனுப்பினால், அவர் படிக்க வேண்டிய சில வரிகள் மட்டும் கண்முன் நிற்கும்.