'தமிழோசை'ன்னு பேர் வச்சவர்

வால்பாறை எஸ்டேட் லைன் வீடுகள்ல, சிற்றலை ரேடியோவைத் திருகித் திருகி பிபிசி தமிழோசை கேட்ட தாத்தாக்கள் இன்னும் இருக்காங்க. அந்தப் பேரை வச்சவர் யாருன்னு கேட்டா, அவங்களுக்கும் தெரியாது.

சோ. சிவபாதசுந்தரம். யாழ்ப்பாணத்துக்காரர். 'ஈழகேசரி' பத்திரிகை ஆசிரியரா இருந்தவர். அப்புறம் இலங்கை வானொலி, அங்கிருந்து லண்டன். பிபிசி 1941லயே தமிழில் பேச ஆரம்பிச்சிடுச்சு. 'தமிழோசை' என்ற பெயர் இவர் போன பிறகுதான் வந்தது.

எனக்கு அதைவிடப் பெரிய விஷயம், வானொலிக்கு எப்படி எழுதணும், எப்படிப் பேசணும்னு 'ஒலிபரப்புக் கலை'ன்னு தமிழில் தனிப் புத்தகமே 1950-களில் எழுதிட்டார். நாமளோ மைக் முன்னாடி பேச, இங்கிலீஷ் யூடியூப் வீடியோ பார்த்துக் கத்துக்கிட்டிருக்கோம்!

பின்னாடி சென்னையில் இருந்து, சிட்டியோட சேர்ந்து தமிழ் நாவலின் நூறாண்டு வரலாற்றையும் எழுதினார். தமிழோசை வானொலி 2017-இல் நின்னுபோச்சு. 'ஒலிபரப்புக் கலை' பழைய புத்தகக் கடையில் கண்ணுல பட்டா விடாதீங்க.