மாடு திருடிய குட்டித் தேவன்!
முசிறிக்கு வந்த கிரேக்கக் கடவுளரும், தேனி மாவட்டத்து வீரனும்

ஏல மலையின் அடிவாரத்தில் இருக்கிறது போடிநாயக்கனூர். சுற்று வட்டாரத்தில் "போடி" என்றால்தான் எல்லோருக்கும் தெரியும். பொழுது விடிந்ததும் இங்கிருந்து ஜீப்புகள் மலைக்குப் புறப்படும். ஏலத் தோட்டங்களில் வேலை செய்யும் பெண்கள் தூக்குச் சட்டியும் கையுமாக அவற்றில் ஏறிப் போவார்கள். மலையில் விளைந்த காய் போடிக்கு வந்து ஏலம் போகும். ஏலக்காயை ஏலம் விடும் ஊர் இது!

மலை மேல் போடிமெட்டு இருக்கிறது. அங்கே பெய்யும் மழை இரண்டு பக்கமும் பிரிந்து ஓடுகிறது. கிழக்கே விழுந்த தண்ணீர் கொட்டகுடி ஆறாக இறங்கி வைகையில் சேரும். மேற்கே விழுந்த தண்ணீர் பன்னியாறு வழியாகப் பெரியாற்றில் கலந்து, அரபிக் கடலுக்குப் போகும்.

முதலில் மேற்கே போகும் தண்ணீரோடு நாமும் போவோம், வாருங்கள்!

கடவுள் பெயரில் ஒரு கப்பல்

பெரியாறு கடலில் சேரும் பக்கத்தில், இன்றைய கொடுங்கல்லூர் வட்டாரத்தில், பழைய காலத்தில் பெரிய துறைமுகம் ஒன்று இருந்தது. அதன் பெயர் முசிறி. மிளகு வாங்குவதற்காக யவனர்கள் அங்கே கப்பலில் வந்தார்கள். கிரேக்கரையும் ரோமானியரையும் நம் முன்னோர் யவனர் என்றே அழைத்தார்கள்.

அப்படி வந்த ஒரு கப்பலின் பெயர் நமக்குக் கிடைத்திருக்கிறது. கி.பி. 2-ம் நூற்றாண்டில் எகிப்து நாட்டில் எழுதப்பட்ட ஒரு கணக்கில் அந்தப் பெயர் இருக்கிறது. பாப்பிரஸ் என்னும் நாணல் தாளில் எழுதிய அந்தக் கணக்கு இப்போது ஆஸ்திரியாவின் தலைநகரான வியன்னாவில் இருக்கிறது. 1985-ம் ஆண்டில் அறிஞர்கள் அதைப் படித்து வெளியிட்டார்கள். யானைத் தந்தமும், கங்கைக் கரையிலிருந்து வந்த வாசனை வேரும் அந்தக் கப்பலில் போயிருக்கின்றன. நூற்றுக்கு 25 பங்கு சுங்கம் கட்டவேண்டும்! அதையும் கணக்குப் பார்த்து எழுதியிருக்கிறார்கள்.

கப்பலின் பெயர் "ஹெர்மப்பொல்லோன்". ஹெர்மஸ், அப்பொல்லோ என்ற இரண்டு கிரேக்கக் கடவுளரின் பெயரைச் சேர்த்து வைத்த பெயர் அது. நம் ஊரில் பிள்ளைக்கு "சிவராமன்" என்று பெயர் வைப்பதில்லையா? அதுபோலத்தான்.

இந்த இருவரும் ஒரு காலத்தில் சண்டை போட்டவர்கள். எதற்காகச் சண்டை? மாட்டுக்காக!

பிறந்த அன்றே திருட்டு

கிரேக்கக் கடவுளருக்கு அரசன் ஜீயஸ். நம் இந்திரனைப் போல இடியைக் கையில் வைத்திருப்பவன். அப்பொல்லோ அவனுடைய மகன். இசைக்கும் வில்லுக்கும் உரிய தேவன். ஹெர்மசும் ஜீயசின் மகன்தான். ஆனால் தாய் வேறு.

ஹெர்மஸ் ஒரு மலைக் குகையில் காலையில் பிறந்தான். பிறந்த குழந்தை தொட்டிலில் கிடக்கவில்லை! எழுந்து வெளியே வந்தது. வாசலில் ஓர் ஆமையைக் கண்டது. அதன் ஓட்டில் நரம்பைக் கட்டி, யாழ் போன்ற ஒரு வாத்தியத்தைச் செய்தது.

மாலையில் குழந்தைக்குப் பசி எடுத்தது. அப்பொல்லோவின் மந்தைக்குப் போய் 50 மாடுகளை ஓட்டிக்கொண்டு வந்தான் ஹெர்மஸ். தடம் தெரியக் கூடாதல்லவா? மாடுகளைப் பின்பக்கமாகவே நடக்க வைத்தான்! தன் காலில் இலையும் குச்சியும் கட்டிக்கொண்டான். பிறகு ஒன்றும் அறியாதவன் போலத் தொட்டிலில் வந்து படுத்துக்கொண்டான்.

அப்பொல்லோ தேடி வந்தான். நேற்றுப் பிறந்த பிள்ளைக்கு மாடு என்றால் என்னவென்றே தெரியாது என்று சாதித்தான் ஹெர்மஸ். வழக்கு தந்தையிடம் போனது. ஜீயஸ் சிரித்துவிட்டான். மாடுகளைக் காட்டிக் கொடு என்று உத்தரவிட்டான்.

பிறகு ஹெர்மஸ் ஆமை ஓட்டு யாழை எடுத்து வாசித்தான். அப்பொல்லோ மயங்கிப் போனான். யாழை அவன் வாங்கிக்கொண்டான். மாடு மேய்க்கும் உரிமையை ஹெர்மசுக்குக் கொடுத்தான். அன்று முதல் இருவரும் நண்பர்கள்.

ஹெர்மஸ் வியாபாரிகளுக்கும் வழிப்போக்கர்களுக்கும் தெய்வமானான். திருடர்களுக்கும் அவனே தெய்வம்! கடல் கடந்து சரக்கு ஏற்றப் போகிற கப்பலுக்குப் பொருத்தமான பெயர்தானே?

பாண்டிய நாட்டு ராணி யார் மகள்?

கிரேக்கக் கதைகளில் இன்னொரு மாடு பிடி வீரன் உண்டு. அவன் ஹெர்க்குலிஸ். மூன்று உடல் கொண்ட ஓர் அரக்கனைக் கொன்று, அவனுடைய மாடுகளை ஓட்டி வந்தவன்.

இந்த ஹெர்க்குலிசை நம் நாட்டோடு முடிச்சுப் போட்டவர் மெகஸ்தனிஸ். கி.மு. 300-ஐ ஒட்டிச் சந்திரகுப்த மௌரியரின் சபைக்குத் தூதராக வந்த கிரேக்கர் அவர். ஹெர்க்குலிசுக்குப் "பாண்டேயா" என்று ஒரு மகள் இருந்தாளாம். அவளுக்குத் தெற்கே ஒரு நாட்டையும், 500 யானைகளையும், 4,000 குதிரை வீரர்களையும் கொடுத்தானாம். கடலில் முத்தெடுத்து அவளுக்கு அணிவித்தானாம்.

பாண்டேயா என்றால் பாண்டிய நாடு என்பது அறிஞர் கருத்து. தொலைதூரத்து நாட்டின் செல்வத்தைக் கேள்விப்பட்ட கிரேக்கர், அதற்குத் தங்கள் வீரனையே தகப்பனாக்கிவிட்டார்கள்!

கல்லில் நின்ற வீரன்

இனி, கிழக்கே ஓடிய தண்ணீருக்கு வருவோம். வைகைக் கரையில், ஆண்டிபட்டி வட்டாரத்தில் புலிமான்கோம்பை என்ற ஊர் இருக்கிறது. போடி இருக்கும் அதே தேனி மாவட்டம்தான். 2006-ம் ஆண்டில் அங்கே 3 நடுகற்கள் கிடைத்தன. 2,000 ஆண்டுகளுக்கும் முற்பட்ட பழைய தமிழ் எழுத்து அவற்றில் இருந்தது. தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அவற்றைக் கண்டுபிடித்தார்கள்.

ஒரு கல் சொல்லும் செய்தி இது: கூடல் என்ற ஊரில் நடந்த ஆகோளில் இறந்த அந்தவன் என்பவனின் கல்.

ஆகோள் என்றால் மாட்டு மந்தையைக் கவர்ந்து வருதல். அந்தக் காலத்தில் மாடுதான் சொத்து. "மாடு" என்ற சொல்லுக்கே தமிழில் செல்வம் என்று ஒரு பொருள் உண்டு. மாடு கவரப் போனவர்கள் வெட்சிப் பூ சூடினார்கள். மீட்கப் போனவர்கள் கரந்தைப் பூ சூடினார்கள். இரண்டு பக்கமும் ரத்தம் சிந்தியது.

ஹெர்மஸ் மாடு திருடினான், தந்தை சிரித்தான், யாழ் ஒலித்தது, சண்டை முடிந்தது. அவன் தேவன். அவனுக்குச் சாவில்லை. அந்தவன் மனிதன். அவன் வீடு திரும்பவில்லை. அவனுக்காக அழுதவர்கள் ஒரு கல்லை நட்டுப் பெயர் எழுதினார்கள்.

கிரேக்கரும் மந்தை மேய்த்தவர்கள். நம்மவரும் மந்தை மேய்த்தவர்கள். அதனால்தான் அங்கும் இங்கும் மாட்டுச் சண்டை. கிரேக்கர் அதைத் தேவர்களின் விளையாட்டாகச் சொன்னார்கள். நம்மவர் செத்தவனின் பெயரைக் காப்பாற்றினார்கள். அரசன் பெயர் அல்ல, ஒரு சாதாரண ஊர்க்காரனின் பெயர்!

வாசகர்களே! இப்படிப்பட்ட கற்கள் நம் ஊர்ப் பக்கம் இன்னும் இருக்கலாம். வரப்பிலும் குளத்தங்கரையிலும் துணி துவைக்கும் கல்லாகக் கிடக்கலாம். கீறல் போல எழுத்துத் தெரிந்தால், உடைத்துவிடாதீர்கள். சுண்ணாம்பும் பூச வேண்டாம். கிராம நிர்வாக அலுவலரிடமோ, தொல்லியல் துறையிடமோ சொல்லுங்கள். அதில் இன்னொரு அந்தவனின் பெயர் இருக்கலாம்.