உஷார்! அது வெறும் சளியாக இல்லாமலும் இருக்கலாம்

"என்ன மாமா, இருமல் இன்னும் விடலியா?"

"சும்மா சளிதான் மாப்பிள்ளை. மழை விட்டா போயிரும்."

மழை விட்டு, தை பிறந்து, மாசியும் வந்த பிறகு மாத்தளைப் பக்கத்து இறத்தோட்டையிலோ கம்மடுவையிலோ எல்கடுவையிலோ ஒரு லயத்து இஸ்தோப்பில் இந்தப் பேச்சு காதில் விழுந்தால் தயவுசெய்து உஷாராகுங்கள். கொத்தமல்லி அவித்துக் குடித்தாயிற்று. சித்தாலேப தேய்த்தாயிற்று. இருமல் பாணி இரண்டு போத்தல் தீர்ந்துவிட்டது. மாமாவின் சேட்டு மட்டும் தொளதொளத்துப் போயிருக்கிறது. பொழுது சாய்ந்தால் உடம்பு மெல்லச் சுடுகிறது, இராத்திரியில் தலையணை வியர்வையில் நனைகிறது. இரண்டு கிழமைக்கு மேல் இருமல் நீடித்தால் சளியைச் சோதிக்க வேண்டும் என்பதுதான் சுகாதாரத் துறையின் கணக்கு. மாமா இரண்டு மாதமாக இருமுகிறார்.

காசநோய் அந்தக் காலத்து நோய், கறுப்பு வெள்ளைப் படத்தில் கதாநாயகன் கைக்குட்டையில் இரத்தம் துப்பிச் சாவதோடு முடிந்துபோனது என்றுதான் நம்மில் பலர் எண்ணிக்கொண்டிருக்கிறோம். முடியவில்லை. 2023 இல் மட்டும் உலகத்தில் ஏறக்குறைய 1 கோடியே 8 இலட்சம் பேருக்கு இது வந்தது, 12½ இலட்சம் பேர் செத்தார்கள். இலங்கையில் வருஷத்துக்கு 8,000, 9,000 பேர் என்ற அளவில் கண்டுபிடிக்கப்படுகிறார்கள். உண்மையான தொகை 14,000 அளவில் இருக்கும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் மதிப்பீடு. அப்படியானால் மிச்ச ஆயிரக்கணக்கானவர்கள் எங்கே? பஸ்ஸில் நம் பக்கத்து சீட்டில், கோயில் வரிசையில், ஒரே காம்பராவில் பிள்ளைகளை அணைத்துக்கொண்டு படுத்திருக்கிறார்கள். எனக்குப் பயம் இவர்களை நினைத்துத்தான்.

நம் தோட்டத்துச் சனத்துக்கும் இந்தக் கிருமிக்கும் பழக்கம் நேற்று வந்ததல்ல. கோப்பிக் காலத்தில் தமிழ்நாட்டிலிருந்து மன்னார்ப் பக்கம் வந்து இறங்கிய கூட்டம் வடக்குப் பாதையில் காடு தாண்டி நடந்து சேர்ந்த ஊர் மாத்தளை. வாந்திபேதியும் காய்ச்சலும் பசியுமாக வழியில் விழுந்தவர்களுக்குக் கணக்கில்லை. தப்பி வந்தவர்களுக்குக் கிடைத்தது லயம். 10 அடிக்கு 12 அடி காம்பரா, ஒரு கதவு, பேருக்கு ஒரு ஜன்னல், உள்ளேயே அடுப்பு, சுவருக்கு அந்தப்பக்கம் இன்னொரு குடும்பம். 1869 இல் தொடங்கிய இலைநோயில் கோப்பி அழிந்தது, தேயிலை வந்தது. லயம் அப்படியே நின்றது.

காசநோய்க் கிருமி காற்றில் வருவது. இருமும்போது தெறிக்கும் துளி காய்ந்தாலும், அடைத்த அறையில் கிருமி மணிக்கணக்கில் மிதந்துகொண்டிருக்கும். வெயிலுக்கும் வீசும் காற்றுக்கும் அது தாங்காது. வெயிலும் காற்றும் நுழையாமல் ஒரு வீடு கட்டச் சொன்னால் எப்படிக் கட்டுவார்களோ அப்படித்தான் கட்டியிருந்தார்கள். அம்மைக்கு நமக்கு ஒரு மாரியம்மன் இருந்தாள். முத்துமாரிக்குத் தேரிழுத்து, வேப்பிலை கட்டி, ஊரே சேர்ந்து அந்த நோயைப் பேசியது. சயரோகத்துக்கு அம்மனும் இல்லை, திருவிழாவும் இல்லை. எலும்புருக்கி என்று பேர் வைத்து, அந்தப் பேரையும் வாய்விட்டுச் சொல்லாமல் மறைத்தோம்.

கிருமியை ரொபர்ட் கொக் உலகத்துக்குக் காட்டியது 1882 மார்ச் 24 இல். கண்டியிலிருந்து மாத்தளைக்கு ரயில் வந்து இரண்டு வருஷம்கூட ஆகவில்லை அப்போது. அதைக் கொல்லும் ஸ்ட்ரெப்டோமைசின் 1943 இல்தான் கண்டுபிடிக்கப்பட்டது. அதன்பிறகும் 1948 இல், 42 வயதில், எழுத்தாளர் புதுமைப்பித்தனை இந்த நோய் கொண்டுபோனது. அடுத்த வருஷம், 1949 இல், இலங்கையில் பி.சி.ஜி. ஊசி வந்தது. பிள்ளையின் தோளில் இருக்கும் தழும்பு அதுதான். குழந்தைகளுக்கு மூளைக்குள் நோய் போகாமல் அது காக்கும். ஆனால் வளர்ந்தவர்களின் நெஞ்சுக்கு அது காவல் என்று நம்பியிருக்க முடியாது. "எனக்குத் தழும்பு இருக்கே" என்று தோளைக் காட்டுகிறவர்கள் இதைக் கவனிக்கவும்.

நம்மைப் போன்ற வீடுகளுக்கென்றே நடந்ததுபோல ஒரு ஆராய்ச்சி உண்டு. 1956 இல் சென்னையில் தொடங்கியது. ஒரு பகுதி நோயாளிகளை சானடோரியத்தில் சேர்த்து ஓய்வும் நல்ல சாப்பாடும் கொடுத்தார்கள். மற்றப் பகுதியை நெரிசலான ஏழை வீடுகளிலேயே விட்டு மருந்து மட்டும் கொடுத்தார்கள். ஒரு வருஷ முடிவில் குணமான அளவில் பெரிய வித்தியாசம் இல்லை. அதைவிட முக்கியமானது, நோயாளி வீட்டில் இருந்ததால் வீட்டுக்காரர்களுக்குக் கூடுதலாக நோய் தொற்றவும் இல்லை. தொற்ற வேண்டியது அவர் மருந்து தொடங்கு முன்பே தொற்றிவிட்டிருந்தது. 1959 இல் முடிவு வெளியானபோது உலகமே சானடோரியங்களை மூடத் தொடங்க இதுவும் காரணமாயிற்று.

நாமோ இன்றைக்கும் ஆளை மாற்றிப் பயப்படுகிறோம். கிளினிக் அட்டையோடு குளிசை போடுகிற மனுஷனுக்குத் தனிக் கோப்பை, தனிப் பாய். கோப்பையிலும் தட்டிலும் இந்த நோய் ஒட்டாது. மருந்து ஒழுங்காகப் போட்டால் சாதாரண காசநோய் சில கிழமைகளிலேயே பரவும் பலத்தை இழந்துவிடும். அதே வீட்டில், சோதிக்காமல் இருமிக்கொண்டிருக்கிற மாமாவின் மடியில் பேரப்பிள்ளை உட்கார்ந்திருக்கிறது. மருந்தில்லாத ஒருவர் வருஷத்தில் பத்துப் பதினைந்து பேருக்குத் தொற்றவைக்கக்கூடும்.

மறைப்பதற்குக் காரணம் இல்லாமல் இல்லை. மகளுக்குச் சம்பந்தம் பேசிக்கொண்டிருப்பார்கள். கிளினிக்குக்குப் போனால் அன்றைக்குப் பேர் விழாது. பேர் விழாவிட்டால் சம்பளம் குறையும். இந்த இரண்டாவது காரணத்தை நோயாளியின் அறியாமை என்று சொல்லும் படித்தவர்கள்மேல் எனக்குக் கோபம்தான் வரும்.

தோட்டத்தோடு நிற்கிற ஆபத்தும் இல்லை. நாட்டில் காசநோயாளிகள் அதிகம் காணப்படுகிற மாவட்டம் கொழும்பு. அங்கே கடை மாடியில் பத்துப் பேரோடு படுத்துவிட்டுத் தீபாவளிக்கு ஊர் வருகிற பிள்ளை இருமினால், தண்ணி மாறினது என்று தள்ளிவிடாதீர்கள். சீனி வருத்தம் உள்ளவருக்கு இந்த நோய் வரும் வாய்ப்பு மற்றவர்களைவிட இரண்டு மூன்று மடங்கு. சுருட்டும் சாராயமும் அதைக் கூட்டும்.

நோய் என்று தெரிந்துவிட்டாலும் அடுத்த பொறி காத்திருக்கிறது. பொதுவாக ஆறு மாதம் மருந்து: முதல் இரண்டு மாதம் நாலு வகை, பிறகு நாலு மாதம் இரண்டு வகை. அதில் ஒன்றான ரிஃபம்பிசின் போட்டதும் சிறுநீர் செம்மஞ்சளாகப் போகும். "இரத்தம் போகுது" என்று பயந்து குளிசையை நிறுத்தினவர்கள் உண்டு. அது மருந்தின் நிறம், பயப்பட ஒன்றுமில்லை. கண் மஞ்சளானால், சாப்பிட முடியாமல் குமட்டினால் அது வேறு விஷயம், உடனே டொக்டரிடம் ஓடவேண்டும். இதைவிட மோசமான பொறி, இரண்டாம் மாதம் இருமல் நின்று உடம்பு தேறுவது. சுகமாகிவிட்டது என்று விட்டால், மிஞ்சிய கிருமி மருந்துக்கு மசியாத கிருமியாகத் திரும்பிவரலாம். அதற்கு மருந்தும் வேறு, பாடும் வேறு.

சளிப் பரிசோதனை, எக்ஸ்ரே, ஆறு மாத மருந்து எல்லாம் அரசாங்க ஆஸ்பத்திரியில் இலவசம். மாத்தளையில் மார்பு நோய் கிளினிக் இருக்கிறது. விடியக்காலையில் வாய் கொப்பளித்து, நெஞ்சிலிருந்து காறி எடுத்த சளிதான் வேண்டும், எச்சில் போதாது. நோய் உறுதியானால் வீட்டில் உள்ள எல்லோரையும், முக்கியமாகச் சின்னப் பிள்ளைகளை, காட்டிவிடுங்கள்.

மாமாவை நாளைக்கே கூட்டிக்கொண்டு போங்கள். கூடவே போங்கள். தனியாக அனுப்பினால் மனுஷன் டவுனில் பஸ்ஸை விட்டிறங்கி, மூன்றாவது போத்தல் பாணியை வாங்கிக்கொண்டு திரும்பிவிடுவார்.