நீதிபதி கேட்கும் இரண்டு கேள்விகள்

‘காதல் ஜோடி காவல் நிலையத்தில் தஞ்சம்’ என்று செய்தி படிக்கிறோம். இரு வீட்டாரையும் கூப்பிட்டுப் பேசுகிறார்கள். சில சமயம் பெண்ணை அப்பா வீட்டுக்கே கூட்டிப்போய்விடுகிறார்கள். அவள் போனும் சுவிட்ச் ஆஃப். அடுத்து என்ன வழி?

உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு போடலாம். அரசியல் சாசனத்தின் 226ஆவது பிரிவு தரும் வழி அது. ஒருவரைச் சட்டவிரோதமாக அடைத்துவைத்திருந்தால், அவரைத் தன் முன் கொண்டுவந்து நிறுத்தும்படி நீதிமன்றம் உத்தரவிடும். அடைத்துவைத்தவர் பெற்ற தகப்பனாக இருந்தாலும் மனு செல்லும். ‘பெண்ணைக் கடத்திவிட்டான்’ என்று பெற்றோர் போடுவதும் இதே மனுதான்.

மனு யாருடையதானாலும், பெண் வந்து நின்றதும் விஷயம் இரண்டு கேள்விகளில் அடங்கிவிடும். 18 வயது முடிந்துவிட்டதா? எங்கேம்மா போக விருப்பம்? முதலாவதற்குப் பள்ளிச் சான்றிதழோ பிறப்புச் சான்றிதழோ பதில் சொல்லும். இரண்டாவதற்கு அவள் மட்டுமே பதில் சொல்ல முடியும். கணவரோடு என்றால் கணவரோடு, பெற்றோரோடு என்றால் பெற்றோரோடு. இரண்டு வீடும் வேண்டாம், விடுதியில் தங்கிப் படிக்கிறேன் என்றாலும் சரிதான். தகப்பனிடமிருந்து புருஷனுக்குப் பெயர் மாற்றித்தர அவள் வீட்டுப் பட்டா இல்லையே!

இந்த இரண்டு கேள்விகளின் எல்லையை உயர் நீதிமன்றமே தாண்டியதும் உண்டு. ஹாதியா வழக்கில், தந்தை போட்ட ஆட்கொணர்வு மனுவிலேயே, 2017 மே மாதம் கேரள உயர் நீதிமன்றம் 24 வயதுப் பெண்ணின் திருமணத்தை ரத்துசெய்து, பெற்றோர் வீட்டுக்கு அனுப்பியது. நவம்பரில் உச்ச நீதிமன்றம் அவரையே அழைத்துக் கேட்டது. சுதந்திரம் வேண்டும் என்றார். படிப்பை முடிக்க அவரைச் சேலத்து ஹோமியோபதிக் கல்லூரிக்கு நீதிமன்றம் அனுப்பியது. 2018 மார்ச்சில், ஆட்கொணர்வு மனுவில் திருமணத்தை ரத்துசெய்தது தவறு என்று தீர்ப்பளித்தது.

பையனுக்குத் திருமண வயதான 21 ஆகவில்லையென்றால்? அதே ஆண்டு ஏப்ரலில் இன்னொரு கேரள வழக்கில் உச்ச நீதிமன்றத்திடமிருந்து இதற்கும் பதில் வந்தது: இருவருக்கும் 18 நிரம்பியிருந்தால், திருமணமே செய்துகொள்ளாமல்கூடச் சேர்ந்து வாழலாம்.

உயிருக்கு ஆபத்து என்றால் மனுவுக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. சக்தி வாகினி என்ற அமைப்பு தொடுத்த வழக்கில் 2018 மார்ச் 27 அன்று உச்ச நீதிமன்றம், சாதி, மதம் கடந்து மணந்தவர்களைக் காக்க மாவட்டந்தோறும் தனிப் பிரிவும் 24 மணி நேர உதவி எண்ணும் வேண்டும் என்றது. மாவட்டக் காவல் கண்காணிப்பாளர், சமூக நல அலுவலர், ஆதிதிராவிடர் நல அலுவலர் ஆகியோர் அதில் இருப்பார்கள்.

ஆகவே, வயதுச் சான்றின் நகலைக் கையில் வைத்திருங்கள். புகாரை எழுத்தில் கொடுத்து ரசீது வாங்குங்கள். வக்கீலுக்குக் காசில்லையே என்று தயங்க வேண்டாம்: பெண்களுக்கு வருமான வரம்பே இல்லாமல் இலவசச் சட்ட உதவி உண்டு. அதற்கு 15100 என்ற எண்ணைக் கூப்பிடுங்கள்.