தகர டிக்கெட்

தோட்டத்தைக் குறிக்கும் எண் பொறித்த தகர வில்லை. 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தமிழ்நாட்டிலிருந்து இலங்கை மலையகத் தோட்டங்களுக்கு வந்த தொழிலாளர்கள் இதைக் கழுத்தில் கட்டிக்கொண்டு கடல் கடந்தார்கள். எழுத்தறியாதவரும் இதைக் காட்டினால் போதும், வழிச்சோறும் ரயிலும் கிடைக்கும். செலவு பேரேட்டில் கடனாக ஏறும்.

முந்திய கோப்பித் தோட்டக் காலத்தில் இதுவும் இல்லை. மன்னார்க் கரையில் இறங்கி, காட்டு வழியே மாத்தளைவரை நடை. தண்ணீர் அரிது, வாந்திபேதியும் காய்ச்சலும் கூடவே வந்தன. விழுந்தவர்கள் பலர் வழியிலேயே கைவிடப்பட்டார்கள். பிழைத்தவர்களுக்குத் துணை, ஒரே ஊராகவும் உறவாகவும் சேர்ந்து நடந்ததுதான். அழைத்துவந்த கங்காணிக்கே அவர்கள் கடன்பட்டும் இருந்தார்கள்.

1914இல் தனுஷ்கோடி–தலைமன்னார் கப்பல் ஓடத் தொடங்கியது. பின்னாளில் மண்டபம் முகாமில் நோய்ச் சோதனைக்காகத் தங்கிய பிறகே கப்பலேற விட்டார்கள்.