தானியங்கிச் சதுரங்கமும் அதில் வெல்லும் நெறியும்

மனிதர் ஆடும் ஆட்டங்களைப் பொதுவாக இரு கூறாகப் பகுத்து நோக்கலாம். ஒன்று மதியூகத்தால் வெல்லப்படுவது. மற்றையது தற்செயலால் வெல்லப்படுவது. சதுரங்கம் முன்னதற்கும், பொருள் வைத்துக் கவறுருட்டும் சூது பின்னதற்கும் எடுத்துக்காட்டாகும். முன்னதைப் போற்றியும் பின்னதைக் கடிந்தும் வருவது தமிழர் மரபு. ஆயின், இவ்விரண்டிற்கும் இடைப்பட்டதாய் ஒருவகை ஆட்டம் இந்நாளிற் கணினியிலும் கைத்தொலைபேசியிலும் பெருவழக்காயுள்ளது. 'ஓட்டோ பற்றிலர்' என வழங்கும் அதனைத் தானியங்கிச் சதுரங்கம் எனலாம். இளைஞர் பலர் அதனை விரும்பி ஆடுகின்றனர். காய்கள் தற்செயலாகவே கைக்கு வருகின்றன என்பதைக் கண்ணுறும் பெரியோர், அதனைச் சூதென்று ஐயுறுதலும் இயல்பே. அதில் வெல்வோர் எவ்வாறு வெல்கின்றனர் என ஆராயின் அவ்வையம் தானே தீரும்.

தோற்றமும் அமைப்பும்

2019ஆம் ஆண்டு சனவரி மாதத்திற் சீன தேசத்து ட்ரோடோ ஸ்ரூடியோ என்னும் குழுவினர், 'டோட்டா 2' என்னும் கணினி விளையாட்டினுள்ளே ஆடத்தக்க புதிய ஆட்டமொன்றை ஆக்கி, 'டோட்டா ஓட்டோ செஸ்' எனப் பெயரிட்டு வெளியிட்டனர். அது விரைவிற் பரவவே, பெரு நிறுவனங்களும் அவ்வழியைப் பின்பற்றின. அதே ஆண்டு யூன் மாதத்தில் வால்வ் நிறுவனம் 'டோட்டா அண்டர்லோட்ஸ்' என்பதனையும், றயற் கேம்ஸ் நிறுவனம் 'ரீம்பைற் ரக்ரிக்ஸ்' என்பதனையும் வெளியிட்டன. நவம்பரில் பிளிசாட் நிறுவனத்தின் 'ஹாத்ஸ்ரோன் பற்றில்கிறவுண்ட்ஸ்' வந்தது. இவற்றுள் ரீம்பைற் ரக்ரிக்ஸ் ஈண்டு எடுத்துக்காட்டாகக் கொள்ளப்படுகின்றது.

அதன் அமைப்பைச் சுருங்கக் கூறின்: ஒரு போட்டியில் எண்மர் ஆடுவர். ஒவ்வொருவர்க்கும் தனிக் களம் உண்டு. சுற்றுத்தோறும் ஐந்து காய்கள் அவர்தம் கடையில் விற்பனைக்கு வரும். ஒரு பொன் முதல் ஐந்து பொன் வரை விலையுள்ள அக்காய்களுள் வேண்டியவற்றை வாங்கிக் களத்தில் நிறுத்துதல் ஆடுவோர் கடன். எத்தனை காய்களை நிறுத்தலாம் என்பது அவர் எய்தியுள்ள படியைப் பொறுத்தது. ஒரே காய் மூன்று சேரின் இரண்டாம் நிலைக்கும், ஒன்பது சேரின் மூன்றாம் நிலைக்கும் உயர்ந்து வலுப்பெறும். காய்கள் யாவும் இனம், தொழில் போன்ற பண்புகள் உடையன. ஒத்த பண்புடையவை குறித்த எண்ணிக்கையிற் கூடினாற் சிறப்பு நலன் வாய்க்கும். போர் தொடங்கியபின் ஆடுவோர் காய்களை ஏவுதல் இயலாது. அவை தாமே பொரும். தோற்றவர் தம் உயிர்ப்புள்ளிகளுட் சிலவற்றை இழப்பர். எதிரியின் காய்கள் எத்துணை மிகுதியாய் எஞ்சி நிற்கின்றனவோ அத்துணைக்கு இழப்பும் மிகும். உயிர்ப்புள்ளி யாவும் தீர்ந்தவர் நீங்க, இறுதிவரை நிலைப்பவர் முதலிடம் பெறுவர்.

ஆகவே, இவ்வாட்டத்தில் வெற்றி போர்க்களத்திலன்று, ஆயத்தத்திலேயே தீர்மானிக்கப்படுகின்றது. ஆயத்தத்திற்கு வேண்டுவன யாவை? திருக்குறளில் வலியறிதல், காலமறிதல், இடனறிதல் என்பன அடுத்தடுத்த மூன்று அதிகாரங்களாய் அமைந்துள்ளன. அரசர்க்கு உரைக்கப்பெற்ற அம்மூன்று தலைப்புக்களும் இவ்வாட்டத்தின் நுட்பங்களை வகுத்துரைக்கவும் பெரிதும் பொருந்துவன.

வலியறிதல்

புதிதாய் ஆடப் புகுவோர் செய்யும் முதற்பிழை, காய்களைக் காணுமுன்னரே படையை மனத்திற் கட்டிவிடுதலாகும். தேர்ந்த ஆட்டக்காரர் வெளியிட்ட படைப்பட்டியலொன்றை மனனஞ் செய்துகொண்டு, அதிலுள்ள காய் வரும்வரை பொன்னைச் செலவிட்டுக் காத்திருப்பர். கைக்கு வந்த நல்ல காய்களை இகழ்ந்து தள்ளுவர். பட்டியலை ஒப்புவிப்பவர்க்கும் அதன் காரணத்தை உணர்ந்தவர்க்கும் உள்ள வேறுபாடு, வாய்பாட்டை ஒப்புவிக்கும் மாணவனுக்கும் கணக்கை விளங்கிய மாணவனுக்கும் உள்ள வேறுபாடே. மேலும், இவ்வாட்டத்தின் காய்களும் விதிகளும் சில மாதங்களுக்கு ஒருமுறை மாற்றப்படுவதால், மனனஞ் செய்த பட்டியல் நெடுநாட் பயன்படுவதுமில்லை.

வல்லார் முதலிற் கிடைத்த காய்களுள் வலியவற்றை நிறுத்தித் தொடக்கச் சுற்றுக்களைக் கடப்பர். இரண்டு ஒத்த காய்கள் கிடைப்பின் மூன்றாவதை நோக்கி அவற்றைப் பேணுவர். படையின் இறுதி வடிவத்தை இரண்டு மூன்று வழிகளாக மனத்திற் கொண்டு, வரவு எதற்கு இசைகின்றதோ அதன்பாற் சாய்வர்.

தம் வலி மட்டும் அறிதல் போதாது. மாற்றார் கையிருப்பையும் அறிதல் வேண்டும். ஏனெனில், எண்மர் கடைகளுக்கும் காய்கள் ஒரே பொதுக் குவையிலிருந்தே வருகின்றன. ஒருவர் வாங்கிய காய், அவர் விற்கும்வரை அல்லது ஆட்டத்தினின்று நீங்கும்வரை ஏனையோர்க்குக் கிடையாது. இதன் விளைவை ஒரு சிறு கணக்கால் விளக்கலாம். ஒரு விலைத் தரத்திற் பத்து வகைக் காய்களும், வகைக்கு 20 பிரதிகளும் உள எனக் கொள்க, மொத்தம் 200. கடையில் வரும் ஐந்தும் அத்தரத்தனவே என்றும் எளிமைக்காகக் கொள்க. விரும்பிய காய் ஒன்றேனும் ஒருமுறை கடையில் தோன்றும் வாய்ப்பு ஏறத்தாழ 41 விழுக்காடு. அவ்வகையில் 12 பிரதிகளைப் பிறர் முன்னரே வாங்கியிருப்பின், எஞ்சிய 188இல் 8 மாத்திரமே உரியது. வாய்ப்பு ஏறத்தாழ 20 விழுக்காடாகக் குறைந்துவிடும். பொன்னின் பயன் பாதியாயிற்று. ஆகவே, அயலார் களங்களைச் சுற்றுத்தோறும் நோக்கி, பலர் நாடும் படையை விடுத்துச் சிலர் நாடும் படையைத் தெரிதல் அறிவுடைமை. ஊரெல்லாம் ஒரே பயிரைச் செய்தால் விதைக்கும் தட்டுப்பாடு நேரும் என்பது உழவர் அறிந்ததே.

காலமறிதல்

இவ்வாட்டத்தின் உயிர்நாடி பொன்னைக் கையாளுதல். தொடக்கச் சுற்றுக்கள் சில கழிந்தபின் சுற்றொன்றுக்கு அடிப்படை வருவாய் ஐந்து பொன். அதனோடு, கையிருப்பில் ஒவ்வொரு பத்துப் பொன்னுக்கும் ஒரு பொன் வட்டியாக, ஐந்து பொன் வரை சேரும். எனவே, 50 பொன் வைத்திருப்போர் சுற்றுத்தோறும் பத்துப் பொன் பெறுவர். வெறுங்கையினர் ஐந்தே பெறுவர். பத்துச் சுற்றுக்களில் இவ்வேறுபாடு 50 பொன்னாகும். 50க்கு மேற்பட்ட இருப்புக்கு மேலதிக வட்டி இல்லை. ஆதலால் மிகுதியைப் படைக்குச் செலவிடுதலே முறை.

வட்டியின் எல்லைக் கோடுகளையும் உற்று நோக்குதல் வேண்டும். சரியாக 30 பொன் உள்ளவர் ஒரு பொன் காயை வாங்கின், அவர்க்கு அது உண்மையில் இரண்டு பொன் செலவு. இழந்த வட்டியும் விலையே. முதல் நிலைக் காய் வாங்கிய விலைக்கே விற்கப்படும் ஆதலின், பயனற்ற காயைச் சுற்று முடியுமுன் விற்றுப் பத்தின் மடங்கை எட்டுதல் வல்லார் வழக்கம்.

எனினும், சேமிப்பே வெற்றியன்று. உயிர்ப்புள்ளியும் ஒரு செல்வமே. தொடக்கத்தில் 100 ஆக உள்ள அதனைச் சிறிது சிறிதாகச் செலவிட்டே பொன் சேர்க்கப்படுகின்றது. தொடர்ந்து வெல்வோர்க்கும் தொடர்ந்து தோற்போர்க்கும் மேலதிகப் பொன் வழங்கப்படுவதால், சிலர் வேண்டுமென்றே தோற்றுப் பொருள் திரட்டுவர். காய்களும் கருவிகளும் சுழன்றுவரும் பொது மேடையில் உயிர்ப்புள்ளி குறைந்தோர்க்கே முதலில் எடுக்கும் உரிமை உண்டு என்பதும் இவ்வழிக்குத் துணையாகும். ஆனால், பிந்திய சுற்றுக்களில் ஒரு தோல்வியின் இழப்பு முந்திய தோல்விகளின் இழப்பினும் மிகப் பெரிது. 50 பொன்னைக் கையில் வைத்துக்கொண்டே ஆட்டத்தினின்று நீங்குவோர், புதையல் காத்த பூதத்தை ஒப்பர். பொன் படையாக மாறும்போதே அதற்கு மதிப்பு.

செலவிடும் வழிகள் இரண்டு. நான்கு பொன் கொடுத்துப் படியுயர்வுக்கான புள்ளிகள் பெறுதல் ஒன்று. இரண்டு பொன் கொடுத்துக் கடையிலுள்ள ஐந்து காய்களையும் மாற்றுதல் மற்றொன்று. தாழ்ந்த படியில் மலிவான காய்கள் மிகுதியாக வரும். படி உயர உயர விலைமிக்க காய்கள் வரும் வாய்ப்புப் பெருகும். ஆதலின், மலிவான காயை மூன்றாம் நிலைக்கு உயர்த்த எண்ணுவோர் தாழ்ந்த படியிலேயே தங்கிக் கடையை மாற்றுதல் வேண்டும். விலைமிக்க காயை நம்புவோர் முதலிற் படி உயர்ந்து, பின்னரே கடையை மாற்றுதல் வேண்டும். ஆற்றில் ஒரு காலும் சேற்றில் ஒரு காலுமாய் இரண்டையும் ஒருங்கே முயல்வோர் இரண்டிலும் குறைவர்.

இடனறிதல்

ஒவ்வொருவர் களமும் நான்கு வரிசை, வரிசைக்கு ஏழு கட்டம் என 28 அறுகோணக் கட்டங்கள் கொண்டது. அடி தாங்கவல்ல காய்களை முன்வரிசையிலும், தொலைவிலிருந்து தாக்கும் காய்களைப் பின்வரிசையிலும் நிறுத்துதல் பொது விதி. ஆயின், எதிரியை நோக்காது பொது விதியை மட்டும் பற்றுதல் ஆபத்து. ஒரே அடியிற் பல காய்களைத் தாக்கும் ஆற்றல் எதிரிக்கு உண்டாயின், நெருங்கி நின்ற படை ஒருங்கே அழியும். விலகி நிற்றலே நன்று. பின்வரிசைக்குப் பாய்ந்து தாக்கும் காய்கள் எதிரியிடம் உளவாயின், மூலையிலுள்ள தலைமைக் காயைச் சுற்றிக் காவல் வைத்தல் வேண்டும். சமவலியுள்ள இரு படைகளுள் ஒன்று மற்றதை வெல்வதற்கு ஒரு காய் இரண்டு கட்டம் தள்ளி நின்றமையே காரணமாதலும் உண்டு. இறுதியில் இருவர் மாத்திரம் எஞ்சும்போது எதிரி இன்னார் என்பது உறுதியாதலால், இடனறிதலே முடிவைத் தீர்க்கும்.

சூதோ, மதியூகமோ?

இனித் தொடக்கத்தில் எழுந்த ஐயத்திற்கு விடை காண்போம் எனில், கடையில் எக்காய் வரும் என்பது தற்செயலே. அதனை எவரும் மறுத்தற்கில்லை. ஒரு போட்டியை மட்டும் நோக்கின், வல்லார் எட்டாமிடத்திற்கு வீழ்தலும் கற்றுக்குட்டி முதலிடம் பெறுதலும் கூடும். ஆனால், எண்மர் ஆடும் ஆட்டத்தில் அனைவரும் சமவலியினராயின் நெடுங்காலச் சராசரி இடம் 4.5 ஆகும். நூறு போட்டிகளில் ஒருவர் சராசரி அதனினும் தெளிவாக மேம்பட்டு நிற்பின், அதனைத் தற்செயல் என ஒதுக்குதல் அரிது. தரவரிசைப் போட்டிகளில் முதல் நான்கிடத்தார் யாவரும் புள்ளி பெறுவதால், படை வாய்க்காத நாளில் நான்காமிடத்தைக் காத்துக்கொள்ளுதலும் ஒரு திறமையே. எல்லாவற்றையும் முதலிடத்திற்கே பணயம் வைப்பவரன்றோ சூதாடுகின்றார்! ஆகவே, தோற்றபின் வினவத்தக்கது, முடிவு தீதாயிற்றா என்பதன்று. அந்நேரத்தில் அறியக்கிடந்தவற்றைக் கொண்டு செய்த தெரிவு தக்கதா என்பதே. இவ்வினாவை இடையறாது தம்மிடமே கேட்போர் நாளடைவில் உயர்வர்.

எனினும், பெரியோர் அச்சம் முற்றும் ஆதாரமற்றதன்று. ஆட்டத்தினுள் வழங்கும் பொன் வெறுங்கணக்குப் பொன். அதனால் எவர் வீட்டுக்கும் நட்டமில்லை. ஆனால், ஆடுவோரைக் குறிக்கும் அலங்காரச் சிற்றுருவங்கள், எது வெளிப்படும் என்று அறியவொண்ணாத முட்டைகளாய் உண்மைப் பணத்திற்கு விற்கப்பட்டு வந்துள்ளன. அவை ஆட்டத்தின் வலிமையை ஒருசிறிதும் கூட்டுவனவல்ல. அவற்றை மேன்மேலும் வாங்குதலில் மதியூகத்திற்கு இடமுமில்லை. வட்டிக்காக ஒரு பொன்னையும் எண்ணிச் செலவிடும் ஆட்டக்காரர், தந்தையின் பணத்தை அம்முட்டைகளில் இறைப்பாராயின், அவ்வாட்டம் கற்பிக்கும் முதற் பாடத்தையே கல்லாதவராவர். மதியூகம் களத்தினுள்ளே உள்ளது. சூது அதன் வாயிலிலே கடை விரித்துள்ளது. இரண்டையும் வேறுபிரித்தறிந்து ஆடும் இளைஞர்க்கு இவ்வாட்டம் சிக்கனத்தையும் தெரிந்து செயலாற்றுதலையும் பயிற்றும் நல்லதொரு பொழுதுபோக்காகும்.