பழைய வாடகை கேஸ் புது சட்டத்தில் செல்லுமா? காலி செய்யச் சொல்லும் வழக்குகளில் எந்தத் தேதி முக்கியம்?

நாவலூர்:

"பழைய வாடகைச் சட்டம்தான் போயிடுச்சே, அப்போ என் மேல போட்ட கேசும் போயிடுச்சுதானே?" நாவலூர் முதல் தாம்பரம் வரை வாடகை வீட்டிலும் வாடகைக் கடையிலும் இருக்கும் பலருக்கு இந்தச் சந்தேகம் உண்டு. இதை நம்பி வாடகை கட்டுவதை நிறுத்தினால் கடையே கையை விட்டுப் போய்விடும்.

இது குறித்த விவரம் வருமாறு:

தமிழ்நாட்டில் 1960-ம் ஆண்டு கட்டிட வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் பல ஆண்டுகளாக அமலில் இருந்தது. அதை ரத்து செய்துவிட்டு, 2017-ம் ஆண்டு நிறைவேற்றப்பட்ட நில உரிமையாளர், வாடகைதாரர் சட்டம் 22-2-2019 அன்று அமலுக்கு வந்தது.

ஆனால் சட்டம் ரத்தானதால் கேஸ் ரத்தாகவில்லை. புது சட்டத்தின் 47-வது பிரிவு இதைத் தெளிவாகச் சொல்கிறது. அந்தத் தேதியில் நிலுவையில் இருந்த வழக்குகள் பழைய சட்டப்படியே நடந்து முடிய வேண்டும். அப்பீல், தீர்ப்பை நிறைவேற்றும் மனு ஆகியவற்றுக்கும் இதே கதிதான். வழக்கை வாபஸ் வாங்கி புது சட்டத்தில் மறுபடி போட 180 நாள் அவகாசம் தரப்பட்டது. அந்தக் கெடு 2019-லேயே முடிந்துவிட்டது.

என்ன வித்தியாசம்?

தாம்பரத்தில் ஒரு கடைக்காரர் மீது 2017-ல் வாடகை பாக்கிக்காக மனு போட்டதாக வைத்துக்கொள்வோம். பழைய சட்டப்படி, பாக்கி வைத்தது "வேண்டுமென்றே" என்று தெரிந்தால்தான் அவரைக் காலி செய்யச் சொல்ல முடியும். வசதி இல்லாமல் தாமதமானது என்று அவர் வாதாடலாம்.

அதே மனுவை 2020-ல் போட்டிருந்தால் கதை வேறு. இரண்டு மாத பாக்கி இருந்து, நோட்டீஸ் வந்து ஒரு மாதத்துக்குள் கட்டாவிட்டால் அதுவே போதுமான காரணம். எழுத்து மூலம் ஒப்பந்தம் போடாமல் இருப்பதும் புது சட்டத்தில் ஒரு காரணம்.

பழைய சட்டத்திலும் ஒரு பொறி இருக்கிறது. அதன் 11-வது பிரிவுப்படி, கேசை எதிர்த்து வாதாட வேண்டுமானால் பாக்கியைக் கட்டி, மாதா மாதம் வாடகையும் கட்டி வர வேண்டும். தகுந்த காரணம் இல்லாமல் கட்டத் தவறினால் விசாரணையை நிறுத்திவிட்டு காலி செய்ய உத்தரவு போடலாம்.

சுப்ரீம் கோர்ட்டு சொன்னது

டெல்லியில் 1988-ல் மாத வாடகை ரூ.3,500-க்கு மேற்பட்ட கட்டிடங்கள் வாடகைச் சட்டத்திலிருந்து விலக்கப்பட்டன. அதற்கு முன்பே போட்ட வழக்குகள் பழைய சட்டப்படியே நடக்கலாம் என்று அம்பாலால் சாராபாய் வழக்கில் 2001-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது.

மாறாக, மேற்கு வங்காளத்தின் மெமாரியில் அப்பீல் நிலுவையில் இருந்தபோது வாடகைச் சட்டம் அந்த ஊருக்கு நீட்டிக்கப்பட்டது. அங்கு குடியிருந்தவருக்கு அந்தப் பாதுகாப்பு உண்டு என்று தீர்ப்பு வந்தது. ஆகவே சட்டம் மாறினால் முதலில் பார்க்க வேண்டியது, நிலுவை வழக்கு பற்றி அந்தச் சட்டமே என்ன சொல்கிறது என்பதைத்தான்.

நாவலூர்க்காரர்கள் கவனத்துக்கு

1960-ம் ஆண்டு சட்டம் சென்னை, மதுரை நகரங்களுக்கும் நகராட்சிகளுக்கும் பொருந்தியது. மற்ற ஊர்களுக்கு அரசு தனியாக அறிவித்தால்தான் உண்டு. நாவலூரோ ஊராட்சியாக வளர்ந்த ஊர். எனவே 2019-க்கு முந்தைய கேஸ் என்றால் கோர்ட்டு சம்மனில் உள்ள எண்ணைப் பாருங்கள். "ஆர்.சி.ஓ.பி." என்று இருந்தால் பழைய வாடகைச் சட்ட வழக்கு. "ஆர்.எல்.டி.ஓ.பி." என்றால் புது சட்ட வழக்கு. "ஓ.எஸ்." என்றால் சிவில் வழக்கு. அதற்கு 47-வது பிரிவை அப்படியே பொருத்திப் பார்க்காமல் வக்கீலிடம் கேட்டுக்கொள்வது நல்லது.

எந்தச் சட்டமாக இருந்தாலும், கேஸ் நடக்கிறது என்பதற்காக உரிமையாளர் தண்ணீரையோ கரண்டையோ கட் பண்ண முடியாது. அதேபோல கேஸ் நடக்கிறது என்பதற்காக வாடகை கொடுக்காமலும் இருக்க முடியாது. ரசீது இல்லாமல் கையில் பணம் கொடுத்தவர்கள்தான் கோர்ட்டில் அதிகம் தவிக்க நேரிடும் என்பது குறிப்பிடத்தக்கது.